காப்பாளர் ஹால் வாரிக் கொட்டிய மண்

தென்னாப்பிரிக்காவின் டர்பனில் ஒரு தமிழ் வகுப்பின் ஆண்டு விழாவில் பேசிய ஒருவர், “கிரேட் சிம்பாப்வேயின் கல்மதில்களைக் கட்டியவர்கள் நம் முன்னோர், அதற்கான சான்றுகளையெல்லாம் ரிச்சர்ட் ஹால் என்ற வெள்ளைக்கார அதிகாரி அழித்துவிட்டார்” என்று சொன்னாராம். யார் இந்த ஹால், பேச்சாளர் சொன்னதில் எவ்வளவு உண்மை என்று தம்பி ஒருவர் கேட்டிருக்கிறார்.

ஹால் அழித்தார் என்பது சரி. ஆனால் அவர் அழித்தது அந்த மண்ணிலேயே வாழ்ந்துவரும் ஷோனா மக்களின் சான்று. நம்முடையதாக அங்கே எதுவும் இருக்கவில்லை. இந்த இரண்டு வரியோடு முடித்துக்கொள்ளலாம். ஆனால் ஹாலின் கதை விரிவாகச் சொல்லத் தகுந்தது. இந்த ஊர் இந்தியர் பள்ளிகளில் முப்பது ஆண்டுகள் வரலாறு நடத்தி ஓய்வு பெற்றவன் நான். என் மாணவப் பருவத்தில் எங்களுக்குப் பாடம் சொன்ன ஆசிரியர், அந்த மதில்களைப் பினீசியர்கள், அதாவது பண்டை லெபனான் கரையின் கடல் வணிகர்கள், கட்டினார்கள் என்று கரும்பலகையில் எழுதிப் போட்டார், நாங்களும் எழுதிக்கொண்டோம். அந்த வரி எங்கிருந்து எங்கள் நோட்டுக்கு வந்தது என்று பிற்பாடு தேடிப் போனபோதுதான் ஹாலைச் சந்தித்தேன்.

முதலில் இடத்தைச் சொல்லிவிடுகிறேன். சிம்பாப்வே நாட்டில் மஸ்விங்கோ என்ற ஊருக்குத் தென்கிழக்கே முப்பது கிலோமீட்டருக்குள் இருக்கிறது கிரேட் சிம்பாப்வே. மஸ்விங்கோவுக்கு வெள்ளையர் காலத்துப் பெயர் போர்ட் விக்டோரியா. குன்றின் மேல் ஒரு கட்டடத் தொகுதி, பள்ளத்தாக்கில் பல சிறு மதில்கள், இவற்றுக்கெல்லாம் தெற்கே ‘பெரிய சுற்று’ எனப்படும் வளைந்த பெருமதில். அந்தப் பெருமதிலின் சுற்றளவு சுமார் 250 மீட்டர். உயரம் சில இடங்களில் 11 மீட்டர். அடிப்பக்கத்தில் 5 மீட்டர் கனம். சுண்ணாம்பும் இல்லை, சாந்தும் இல்லை. கருங்கல்லைக் கல்மேல் கல்லாக அடுக்கியே எழுப்பியிருக்கிறார்கள். அந்தப் பக்கத்துக் கருங்கல் பாறைகள் வெயிலில் காய்ந்து, இரவில் குளிர்ந்து, வெங்காயத் தோல் போலப் படலம் படலமாக உரியும். அப்படி உரிந்த பாளங்களை உடைத்தால் ஏறக்குறைய செங்கல் வடிவில் கற்கள் கிடைக்கும். ஊர்க் கல்லின் குணம் தெரிந்தவன் கட்டிய சுவர் அது. உள்மதிலுக்கும் வெளிமதிலுக்கும் நடுவே ஒருவர் பின் ஒருவராக மட்டுமே நடக்கக்கூடிய இடைகழி ஒன்று உண்டு. அதில் நடந்தபோது இரண்டு கைகளாலும் இரண்டு சுவர்களையும் தொட்டுக்கொண்டே போனேன். ஒரு பக்கம் வரிசை பிசகாத நேர்த்தி, மறுபக்கம் கொஞ்சம் அலட்சியமான அடுக்கு. ஒரே தலைமுறை கட்டியதல்ல என்பது விரலுக்கே தெரிகிறது.

பதினோராம் நூற்றாண்டிலிருந்து பதினைந்தாம் நூற்றாண்டுவரை ஷோனா மொழி பேசியோரின் மூதாதையர் வாழ்ந்து, கட்டி, ஆண்டு, விட்டுப்போன தலைநகரம் அது. இன்று ஆய்வுலகில் இதில் கருத்து வேறுபாடு இல்லை. நூறு ஆண்டுகளுக்கு முன் நிலைமை வேறு.

1871-ல் கார்ல் மௌக் என்ற ஜெர்மானியர் அங்கே போய்ச் சேர்ந்தார். வாசல் விட்டத்திலிருந்து ஒரு மரச் சிம்பைச் சீவி மோந்து பார்த்தார். தன் பென்சிலின் வாசனை அடித்தது. பென்சில் தேவதாரு மரம். ஆகவே இதுவும் தேவதாரு. தேவதாரு லெபனானில் வளர்வது. லெபனானிலிருந்து மரம் கொண்டுவந்தவர்கள் பினீசியர்கள். ஆகவே இது விவிலியத்தில் சாலமோன் மன்னனைப் பார்க்க வரும் ஷேபா நாட்டு அரசியின் மாளிகை! ஒரு பென்சிலைப் பிடித்துக்கொண்டு ஓர் இனத்தின் வரலாற்றையே எழுதிவிட்டார். அந்த மரம் அங்கேயே வளரும் தம்பூட்டி மரம். பிறகு 1891-ல், அந்த நாட்டைப் பிடித்த ஆங்கிலேயச் செல்வந்தர் செசில் ரோட்ஸின் பண உதவியோடு தியோடர் பெண்ட் என்ற ஆங்கிலேயர் வந்தார். பெரிய சுற்றுக்குள் இருக்கும் கூம்பு வடிவக் கோபுரத்தை, பினீசியரின் பிப்லோஸ் நகரத்துப் பழைய நாணயம் ஒன்றில் காணப்படும் கூம்போடு ஒப்பிட்டு, பினீசியக் கதைக்கு முலாம் பூசினார்.

ரோட்ஸுக்கு இதில் என்ன அக்கறை என்று கேட்கலாம். அவருடைய பிரிட்டிஷ் சவுத் ஆப்பிரிக்கா கம்பெனிக்கு 1889-ல் அரச சாசனம் கிடைத்தது. 1890-ல் அதன் படை அந்த நாட்டுக்குள் நுழைந்தது. 1893-ல் நிடபெலே அரசை வீழ்த்தியது. 1896-லும் 97-லும் எழுந்த கிளர்ச்சியை அடக்கியது. பண்டைக் காலத்தில் வெளியிலிருந்து வந்த ஒரு வெள்ளை இனம் இங்கே தங்கம் வெட்டி மாளிகை கட்டியிருந்தது என்றால், தாங்கள் வந்ததும் ஆக்கிரமிப்பு ஆகாது, மீட்பு ஆகிவிடும். மண்ணுக்கு உரியவன் யார் என்ற வழக்கில் கல்மதில் ஒரு சாட்சி. சாட்சியைக் கைக்குள் போட்டுக்கொள்ள வேண்டியிருந்தது. அங்கே கிடைத்த சோப்புக்கல் பறவைச் சிற்பம் ஒன்றை 1889-ல் ஒரு வேட்டைக்காரர் பெயர்த்துக்கொண்டு வந்தார். அது ரோட்ஸின் கேப்டவுன் வீட்டுக்குப் போனது. அதைப் பார்த்து மரத்தில் பறவைகள் செதுக்கி வீட்டு மாடிப்படிக்கு வைத்துக்கொண்டார்.

இந்தக் கூட்டத்துக்குள்தான் ரிச்சர்ட் நிக்லின் ஹால் வருகிறார். 1853-ல் இங்கிலாந்தில் பிறந்தவர். தொழில் வழக்கறிஞர். கிளர்ச்சி அடங்கிய 1897-ல் ரொடீசியாவுக்கு (இன்றைய சிம்பாப்வேக்கு அப்போதைய பெயர்) வந்தார்; அப்போது அவருக்கு நாற்பத்து நான்கு வயது. புலவாயோவில் நில உரிமையாளர்–விவசாயிகள் சங்கத்துக்குச் செயலாளர், வர்த்தக சபைக்குச் செயலாளர், பத்திரிகை ஆசிரியர் என்று ஊரில் நாலு பேருக்குத் தெரிந்த மனிதரானார். தொல்லியல் படித்தவர் அல்ல. அந்தக் காலத்தில் அது ஒரு குறையாகவும் யாருக்கும் படவில்லை.

அவருக்கு வாய்த்த கூட்டாளி டபிள்யூ. ஜி. நீல். இவர் சம்பந்தப்பட்டிருந்த கம்பெனியின் பெயரைக் கேட்டாலே விஷயம் புரிந்துவிடும்: ரொடீசியப் பழைய இடிபாடுகள் கம்பெனி. 1895-ல் தொடங்கியது. இடிபாடுகளைத் தோண்டித் தங்கம் எடுக்க ஆட்சிக் கம்பெனியே கொடுத்த உரிமம் அதற்கு இருந்தது. புதைகுழிகளைக் கிளறினார்கள். எலும்புகளோடு கிடந்த தங்க மணிகள், வளையல்கள், தகடுகள் எல்லாம் எடைக்குப் போயின, நிறையவே உருக்கப்பட்டுவிட்டன. கிரேட் சிம்பாப்வே மட்டும் அந்த உரிமத்துக்கு வெளியே நிறுத்தப்பட்டிருந்தது. 1900 வாக்கில் கம்பெனி மூடப்பட்டது. நீலிடம் குறிப்புகள் இருந்தன. ஹாலிடம் எழுதும் கை இருந்தது. இருவரும் சேர்ந்து 1902-ல் ரொடீசியாவின் இடிபாடுகளைப் பற்றித் தடித்த புத்தகம் ஒன்று போட்டார்கள். கட்டடங்களைக் காலவாரியாகப் பிரித்தார்கள்: முதலில் தென் அரேபியாவின் சபேயர், அடுத்துப் பினீசியர், பிறகு கலப்பு, கடைசியில் சீரழிவு. நேர்த்தியான சுவர் என்றால் பழையது, அந்நியருடையது. கோணல் சுவர் என்றால் புதியது, ஆப்பிரிக்கருடையது. இதற்கு மேல் அளவுகோல் கிடையாது.

புத்தகம் நன்றாக விற்றது. அதே 1902-ல் ஹாலைக் கிரேட் சிம்பாப்வேயின் காப்பாளராக ஆட்சிக் கம்பெனி நியமித்தது. ஆறு மாதத்துக்கென்று போட்ட நியமனம் நீண்டு இரண்டு ஆண்டுகளானது. கொடுத்த வேலை இவ்வளவுதான்: கட்டடத்தைக் காப்பது, செடி கொடி அகற்றுவது, சரிந்த கற்களை ஒழுங்குபடுத்துவது. ஆய்வு செய்யும்படி யாரும் சொல்லவில்லை.

ஹால் சும்மா இருக்கும் ஆளல்ல. மரங்களை வெட்டினார், புதரை எடுத்தார், விழுந்த கல்லை அகற்றினார். அதோடு நிற்காமல் மண்ணையும் எடுத்தார். பல இடங்களில் மூன்று அடி, ஐந்து அடி. சில இடங்களில் பன்னிரண்டு அடிவரை. எல்லாம் ஆப்பிரிக்கர்கள் பிற்காலத்தில் வந்து குடியிருந்து சேர்த்த குப்பை என்பது அவர் முடிவு. இந்தக் குப்பையை வாரிவிட்டால் அடியில் பினீசியனின் தரை பளிச்சென்று தெரியும் என்று நம்பினார். அவர் அந்த மக்களைக் குறிக்கப் பயன்படுத்திய சொல்லை இன்று இந்த நாட்டில் உச்சரித்தால் நீதிமன்றம் போக வேண்டிவரும், நான் எழுதப்போவதில்லை.

அந்த மண் என்னவென்று கொஞ்சம் நிதானமாகப் பார்ப்போம். கல்மதில்கள் யாருக்கும் கூரை அல்ல, அவை தடுப்பு. மதில்களுக்குள் மக்கள் வாழ்ந்தது வட்டமான மண்வீடுகளில். கறையான் புற்று மண்ணையும் சரளை மண்ணையும் குழைத்துச் சுவரும் தரையும் திண்ணையும் போட்டிருக்கிறார்கள். அந்தக் குழைமண்ணுக்கு அங்கே ‘டாகா’ என்று பெயர். டர்பனில் வீடு கட்டியவர்களுக்கு இந்தச் சொல் தெரிந்திருக்கும். நம் கொத்தனார்கள் சாந்துக்குச் சொல்லும் அதே டாகாதான். ஒரு வீடு பழுதானால் இடித்துப் பரப்பி அதன் மேலேயே அடுத்த வீடு எழும்பும். இப்படித் தரைமேல் தரையாக, நானூறு ஆண்டு வாழ்க்கை அடுக்கடுக்காகப் படிந்திருந்தது. இந்தத் தரைக்கு அடியில் எந்தப் பானை ஓடு, அதற்கு மேல் எந்த மணி, சுவரின் அடித்தளம் எந்த அடுக்கை வெட்டிக்கொண்டு இறங்குகிறது என்று பார்த்துத்தான் சுவரின் வயதைச் சொல்ல முடியும். மண்ணை வாரிவிட்டால் சுவர் அந்தரத்தில் நிற்கும். கல்லுக்கு வயது கேட்டால் அது பாறை பிறந்த வயதைத்தான் சொல்லும்.

தமிழர்களுக்கு இதைப் புரியவைக்க அதிகம் மெனக்கெட வேண்டாம். வீட்டில் கிடந்த பழைய ஓலைச்சுவடிகளைப் பதினெட்டாம் பெருக்கன்று பக்தியோடு ஆற்றில் விட்ட கூட்டம் நாம். விட்டவர்கள் யாரும் தமிழின் எதிரிகள் இல்லை. வீட்டைச் சுத்தம் செய்தார்கள், அவ்வளவுதான்.

என் வீட்டிலிருந்தும் ஒன்று சொல்கிறேன். என் ஆயாவின் வீடு டர்பனின் கேட்டோ மேனர் பகுதியில் இருந்தது. இனவாரியாகக் குடியிருப்புகளைப் பிரித்த குழுப் பகுதிச் சட்டத்தின்கீழ் எங்கள் தெருவைக் காலி செய்யச் சொன்னார்கள், புல்டோசர் வந்தது, நாங்கள் சாட்ஸ்வொர்த்துக்குப் போனோம். பல ஆண்டுகள் கழித்து அம்மாவோடு அந்த மேட்டுக்குப் போனபோது ஒரு மாமரம் மட்டும் அடையாளம் சொன்னது. அம்மா கீழே குனிந்து காலால் மண்ணைத் தள்ளிப் பார்த்தாள். கண்ணாடி வளையல் துண்டுகள் நாலைந்து, ஒரு துருப்பிடித்த தகரக் குவளையின் காது, அம்மிக்கல்லின் ஒரு முனை. “இது நம்ம அடுப்பங்கரை” என்றாள். அங்கே சுவர் எதுவும் இல்லை. இருந்ததெல்லாம் ஹால் போன்றவர் குப்பை என்று வாரக்கூடிய மண். எங்கள் குடும்பம் அங்கே வாழ்ந்தது என்று அந்த மண்ணைத் தவிர எந்தப் பத்திரமும் சொல்லாது. ஹாலின் மேல் எனக்குள்ள கோபம் அந்த மேட்டில் தொடங்கியது என்று நினைக்கிறேன்.

ஆனாலும் நியாயமாகப் பேச வேண்டும். ஹால் திருடர் அல்ல. காலையிலிருந்து மாலைவரை அந்த மதில்களிலேயே கிடந்தவர், அடி அடியாக அளந்தவர், வரைபடம் போட்டவர், புகைப்படம் எடுத்தவர். 1905-ல் அவர் கிரேட் சிம்பாப்வே பற்றி எழுதிய பெரிய புத்தகத்தை இன்றும் ஆய்வாளர்கள் புரட்டித்தான் ஆகவேண்டியிருக்கிறது. அவர் வாரிக் கொட்டியதில் என்னென்ன இருந்தது என்பதற்கு அவரே சாட்சி என்பதால்!

இதில் ஒரு வேடிக்கை. பள்ளத்தாக்கிலுள்ள ரெண்டர் இடிபாட்டில் ஒரே இடத்தில் குவிந்துகிடந்த பெரும் சேமிப்பைக் கண்டெடுத்தவர் ஹால்தான். குவியல் குவியலாக இரும்பு மண்வெட்டிகள், சீனத்துப் பச்சைப் பீங்கான், எழுத்துப் பொறித்த பாரசீகக் கிண்ணம், ஆயிரமாயிரமாகக் கண்ணாடி மணிகள், சோழி. பாரசீகக் கிண்ணமும் சீனப் பீங்கானும் பதின்மூன்று, பதினான்காம் நூற்றாண்டுச் சரக்கு. அந்த ஊர் செழித்திருந்த காலம் எது என்று அவர் கையிலேயே எழுதிக் கொடுத்தது போல. ஹாலின் எண்ணம் மாறவில்லை. சாலமோன் காலத்தைத் தேடிப் போனவருக்குச் சோழர், பாண்டியர் காலத்துப் பீங்கான் ஒரு பொருட்டாகவே தெரியவில்லை.

விஷயம் தெரிந்தவர்களிடமிருந்து கண்டனம் கிளம்பியது. 1904-ல் ஹாலைப் பதவியிலிருந்து நீக்கினார்கள். மறு ஆண்டே, எகிப்தில் அகழாய்வு செய்த அனுபவமுள்ள டேவிட் ராண்டல்-மகைவர் என்ற தேர்ந்த தொல்லியலாளர் ரொடீசியாவுக்கு வந்தார். பிரிட்டிஷ் அறிவியல் சங்கம் அனுப்பியது. ஹால் கைபடாத இடங்களைத் தேடித் தோண்டி, இவை இடைக்காலத்தவை, ஆப்பிரிக்கர்கள் கட்டியவை என்று 1906-ல் எழுதினார். வெள்ளைக் குடியேறிகளுக்கு அது கசந்தது. லண்டனிலிருந்து வந்து சில மாதம் தங்கியவனுக்கு என்ன தெரியும், இங்கேயே வாழும் நம் ஹாலுக்குத் தெரியாதா என்று பேசினார்கள். ஹால் 1909-ல் மறுப்பாக இன்னொரு பெரும்புத்தகம் எழுதினார். 1914-ல் இறந்தார். இறக்கும்வரை பினீசியனைக் கைவிடவில்லை.

உள்ளூர்க்காரனுக்குத் தெரியும் என்ற வாதத்தில் எனக்கும் ஒரு மயக்கம் உண்டு. ஆகவே அதை எளிதாகத் தள்ள மாட்டேன். ஆனால் ஹால் சொன்ன உள்ளூரில், அங்கே தலைமுறை தலைமுறையாக மாடு மேய்த்தவர்கள் சேர்த்தியில்லை.

இவர் மண் வாரிய அதே ஆண்டுகளில் இன்னொரு வெள்ளைக்கார அதிகாரி, அலெக்சாண்டர் ரீ, தாமிரபரணிக் கரையில் ஆதிச்சநல்லூரைத் தோண்டிக்கொண்டிருந்தார். 1899 முதல் 1905 வரை. அவருடைய முறையும் இன்றைய கண்ணுக்குக் கரடுமுரடானதுதான். ஆனால் தாழியையும் தாழிக்குள் இருந்ததையும் குப்பை என்று அவர் நினைக்கவில்லை, பட்டியல் போட்டார், பொருள்கள் சென்னை அருங்காட்சியகத்துக்குப் போயின. அதனால் நூறு ஆண்டு கழித்து மறுபடி அகழ்ந்தவர்களுக்கு ஒப்பிட்டுப் பார்க்கச் சரக்கு இருந்தது. இருவரும் ஆட்சியின் சம்பளம் வாங்கியவர்கள். ஒருவர் தோண்டப் போகும்போது கேள்வியோடு போனார், மற்றவர் விடையோடு போனார். ஹாலைத் தொழில் தெரியாத கத்துக்குட்டி என்று மட்டும் திட்டுகிறவர்களிடம் எனக்கு உடன்பாடு இல்லை. லிம்போபோ நதிக்கு இப்பால், நம் நாட்டிலேயே, மாப்புங்குப்வே குன்றில் 1932 டிசம்பர் கடைசி நாளில் தங்கம் கண்டவர்களும் தொழில்முறை ஆட்கள் இல்லை. அப்பனும் மகனும் நண்பர்களுமாக ஏறிப்போய்க் கிடைத்ததைப் பங்கு போட்டுக்கொண்டார்கள். ஆனால் ஜெர்ரி வான் கிரான் என்ற அந்த மகன், பிரிட்டோரியா பல்கலைக்கழகத்தில் தனக்குப் பாடம் நடத்திய லியோ பூஷேவுக்குச் செய்தி சொன்னார். அதனால்தான் சாண் நீளம்கூட இல்லாத அந்தத் தங்கக் காண்டாமிருகம், மரப்பொம்மைமேல் தங்கத் தகட்டைக் குட்டி குட்டித் தங்க ஆணியால் அறைந்தது, இன்றைக்கும் இருக்கிறது. கத்துக்குட்டியால் ஒரு குன்று பிழைத்ததும் உண்டு. ஹாலிடம் கூடுதலாக இருந்தது நியமன உத்தரவு. தனி ஆளாக அவர் போயிருந்தால் நாலு குழி வெட்டியிருப்பார். பதவியோடு போனதால் கூலியாட்களும் மண்வண்டியும் இரண்டு ஆண்டு அவகாசமும் கிடைத்தன. காப்பாளர் என்று பெயர் வைத்து அனுப்பினார்கள். சுவரைக் காத்தார், மண்ணை விட்டார்.

மிச்சக் கதையை வேகமாகச் சொல்கிறேன். 1929-ல் கெர்ட்ரூட் கேட்டன்-தாம்சன் வந்தார். உதவிக்கு இரண்டு இளம் பெண்கள். அவர்களில் ஒருவர் பின்னாளில் ஜெரிக்கோ அகழாய்வால் புகழ்பெற்ற கேத்லீன் கென்யன். ஹால் எல்லாவற்றையும் வாரிவிட்ட பெரிய சுற்றில் நேரம் வீணாக்காமல், பள்ளத்தாக்கில் ஏறக்குறைய யார் கையும் படாத மாண்ட் இடிபாட்டைத் தேர்ந்துகொண்டார். அங்கே அடுக்குகள் ஒழுங்காக இருந்தன. கூம்புக் கோபுரத்தின் அடியிலும் சுரங்கம் வெட்டிப் பார்த்தார். அரசியும் இல்லை, பொக்கிஷமும் இல்லை. ஆப்பிரிக்கர், இடைக்காலம் என்ற அதே முடிவு. அந்த ஆண்டு தென்னாப்பிரிக்காவில் கூடிய அறிவியல் சங்க மாநாட்டில் அவர் இதைச் சொன்னபோது, டவுங் குழந்தை மண்டையோட்டைக் கண்டறிந்து ஆப்பிரிக்காவே மனித குலத்தின் தாய்மடி என்று உலகுக்குச் சொன்ன ரேமண்ட் டார்ட் எழுந்து சீறிவிட்டுப் போனார். அந்நியர் கட்டியது என்பது அவருக்கும் நம்பிக்கை. மனிதனே ஆப்பிரிக்காவில் பிறந்தான் என்று ஏற்ற மூளை, அதே மனிதன் அங்கே ஒரு சுவர் கட்டினான் என்பதை ஏற்கவில்லை. இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு வியப்பு அடங்குவதில்லை.

1965-ல் இயன் ஸ்மித்தின் வெள்ளை அரசு தானாகச் சுதந்திரம் அறிவித்துக்கொண்ட பின் இது மறுபடி அரசாங்க விஷயமானது. நினைவுச்சின்னங்களின் மூத்த ஆய்வாளராக இருந்த பீட்டர் கார்லேக், ஆப்பிரிக்கர் கட்டியது என்பதில் வளைந்து கொடுக்காததால் 1970-ல் நாட்டை விட்டே போகவேண்டி வந்தது. ஹாலும் அரசு அதிகாரி, கார்லேக்கும் அரசு அதிகாரி. அறுபத்தாறு ஆண்டு இடைவெளியில் ஒருவர் பொய்யை நம்பி மண்ணை அழித்ததற்குப் பதவி இழந்தார். மற்றவர் மெய்யைச் சொன்னதற்கு ஊரையே இழந்தார். 1980-ல் விடுதலை பெற்ற நாடு அந்த இடத்தின் பெயரையே தன் பெயராக வைத்துக்கொண்டது. சோப்புக்கல் பறவை கொடியில் ஏறியது. அடுத்த ஆண்டு கேப்டவுன் அருங்காட்சியகத்திலிருந்து நான்கு பறவைகள் திரும்பிப் போயின. பதிலுக்கு நம் நாடு வாங்கிக்கொண்டது என்ன தெரியுமா? குளவி, தேனீ வகைப் பூச்சிகளின் சேகரிப்பு!

இனி, விழாவில் பேசியவரின் ‘நம் முன்னோர்’ விஷயத்துக்கு வருகிறேன். இது டர்பனில் புதிய பேச்சல்ல. 1980-களிலிருந்து கேட்டு வருகிறேன். நம் நாட்டு ம்புமலங்கா மாநிலத்து மலைச்சரிவுகளில் இருக்கும் கல்வட்டங்கள் திராவிடத் தங்க வணிகர்களின் சிவன் கோயில்கள், கிரேட் சிம்பாப்வேயின் கூம்பு ஒரு லிங்கம் என்றெல்லாம் சொல்வார்கள். கேட்கும்போது நம்மவர்களுக்கு உடம்பு சிலிர்க்கும். ஏன் சிலிர்க்கிறது என்பது எனக்குப் புரியாமல் இல்லை. 1860-ல் ட்ரூரோ கப்பலில் கரும்புத் தோட்டக் கூலியாக வந்தவர்கள் என்றே இந்த நாடு நம்மை எண்ணி வைத்திருக்கிறது. அதற்கு முன்பே, ராஜாவாக வந்தோம் என்று ஒருவர் சொன்னால் யாருக்குத்தான் பிடிக்காது?

ஆனால் அதே கூம்பைத்தான் பெண்ட் பினீசியக் கூம்பு என்றார். அதே கூம்பு நம்மவருக்கு லிங்கம். ஷோனா கிராமத்தில் இன்றும் நிற்கும் தானியக் குதிரின் உருவத்தைக் கல்லில் வடித்திருக்கிறார்கள் என்று ஆய்வாளர் பலர் கருதுகிறார்கள். குதிர் நிறைந்திருந்தால் அரசன் ஊருக்குச் சோறு போடுகிறான் என்று பொருள்; தஞ்சாவூர்க்காரருக்கு இதை விளக்க வேண்டியதில்லை. ம்புமலங்காவின் கல்வட்டங்களும் படிக்கட்டு வயல்களும் போக்கோனி மக்களுடையவை. ஏறக்குறைய 1500 முதல் 1820 வரை அங்கே மாடு வளர்த்துப் பயிர் செய்தவர்கள். மாட்டுப்பட்டி, மாட்டை ஓட்டிச் செல்லும் கல்வழி, வீட்டு முற்றம் எல்லாம் அடையாளம் காணப்பட்டிருக்கின்றன.

அப்படியானால் நமக்கும் அந்த இடத்துக்கும் சம்பந்தமே இல்லையா? இருக்கிறது. அது மணிகளில் இருக்கிறது. மிளகளவு, கடுகளவு கண்ணாடி மணிகள். பச்சை, நீலம், மஞ்சள், செங்காவி நிறங்களில் அங்கே கிடைத்தவை. கண்ணாடிக் குழம்பைக் குழாயாக இழுத்து நறுக்கும் அந்தத் தொழில் புதுச்சேரிக்கு அருகே அரிக்கமேட்டில் ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன்பே செழித்தது. பின்பு பல கரைகளுக்குப் பரவியது. இந்தியக் கரைகளிலிருந்து அரபுக் கப்பல்களில் ஆப்பிரிக்காவின் கிழக்குக் கரையிலுள்ள கில்வா, சோபாலா துறைமுகங்களுக்கு மணியும் துணியும் போயின; பதிலுக்குச் சிம்பாப்வே மேட்டு நிலத்தின் தங்கமும் தந்தமும் வந்தன. கேட்டன்-தாம்சன் காலக்கணிப்புக்குப் பெரிதும் நம்பியதும் இந்த மணிகளைத்தான். எனக்கு இது போதும். கரூரில் அமராவதி ஆற்று மணலில் ரோமானியக் காசு கிடைக்கிறது. அதனால் கரூரை ரோமானியன் கட்டினான் என்று யாராவது சொன்னால் நாம் விடுவோமா?

இவற்றையெல்லாம் பார்க்க ஆசைப்பட்டால் ஒரு முறை போய்வாருங்கள். ஜோஹன்னஸ்பர்க்கிலிருந்து பைட்பிரிட்ஜ் எல்லை வழியாக பஸ் இருக்கிறது. எல்லையில் வரிசை நீளமாக இருக்கும், தண்ணீர் எடுத்துக்கொள்ளுங்கள். பெரிய சுற்றுக்குள் நுழைந்ததும் எல்லோரும் தலையை நிமிர்த்திக் கூம்பைப் பார்ப்பார்கள். நீங்கள் கொஞ்சம் தரையையும் பாருங்கள். அவ்வளவு பெரிய மதிலுக்குள் ஒரு வீட்டின் சுவடுகூட ஏன் சரியாகத் தெரியவில்லை என்று பலர் கேட்பதேயில்லை.

நீங்கள் சொல்லும் பேச்சாளராகவே இருக்கலாம். சில ஆண்டுகளுக்கு முன் பீனிக்ஸ் பகுதியில் ஒரு கூட்டத்தில் ஒருவர் இதே கருத்தைப் பேசக் கேட்டேன். முடிந்ததும் எழுந்து, “ஐயா, ஒரே ஒரு தமிழ்ப் பானை ஓடு, எந்த இடிபாட்டில், எத்தனை அடி ஆழத்தில், எந்த அடுக்கில் கிடைத்தது?” என்று கேட்டேன். “அதைத்தானே ஹால் அழித்துவிட்டான்” என்றார், கொஞ்சமும் தயங்காமல். மாண்ட் இடிபாட்டை ஹால் கிளறவேயில்லையே, அங்கேயும் கிடைக்கவில்லையே என்றேன். அதற்குள் வடையும் தேநீரும் வந்துவிட்டன.